படிக்க மறுக்கும் பதினொரு வயதுக்கு முதலில் எந்தச் சிரிப்புப் புத்தகம்?

அக்கா மகனுக்குப் பதினொரு வயது இருக்கும்போது நடந்தது. விடுமுறை நாள். "அரை மணி நேரம் படிச்சிட்டு அப்புறம் விளையாடப் போ" என்று அக்கா அவனைப் புத்தகமும் கையுமாக உட்கார வைத்திருந்தாள். நான் அதே அறையில் வேறு வேலையாக இருந்தேன். பக்கம் திருப்பும் சத்தம் விடாமல் கேட்டுக்கொண்டிருந்தது, ரொம்பவே ஒழுங்காக, கடிகாரம் மாதிரி. என்னவென்று எட்டிப் பார்த்தால் அவன் கண் ஜன்னலுக்கு வெளியே இருக்கிறது, கை மட்டும் நிமிடத்துக்கு ஒரு தாளைப் புரட்டிக்கொண்டிருக்கிறது. அவனைக் குறை சொல்ல முடியாது. அரை மணி நேரம் உட்காருவதுதான் அவனுக்குக் கொடுத்த வேலை, அதை அவன் சரியாகவே செய்துகொண்டிருந்தான்.

இரண்டு மாதம் கழித்து அதே பையன், அதே நாற்காலி, வேறு புத்தகம். திடீரென்று ஒரு சிரிப்பு, அடக்கப் பார்த்து மூக்கு வழியாக வெளியே வந்துவிட்ட சிரிப்பு. "சித்தி, இங்க வாங்களேன். இவன் எழுதியிருக்கிறது ஒண்ணு, கீழ படத்துல இருக்கிறது வேற" என்று புத்தகத்தை என் மூக்குக்கு நேராகத் தூக்கிப் பிடித்தான். அன்றைக்கு யாரும் அவனுக்கு நேரம் குறித்திருக்கவில்லை.

அதற்குப் பிறகு தெரிந்தவர்கள் வீட்டிலிருந்து இதே கேள்வி வர ஆரம்பித்தது. ஆறாவது படிக்கிறான், ஏழாவது படிக்கிறாள், புத்தகத்தைக் கண்டாலே ஓட்டம், சிரிப்பாக ஏதாவது இருந்தால் சொல்லுங்கள். சிரிப்பு என்று கேட்பது சரியான கேள்விதான். பயமுறுத்தும் கதையோ துப்பறியும் கதையோ முப்பது நாற்பது பக்கம் பொறுத்துப் போனால்தான் பலன் தரும், நகைச்சுவை முதல் பக்கத்திலேயே கூலி கொடுத்துவிடும். ஆனால் பதினொன்று முதல் பதினான்கு வயதுக்கான சிரிப்புக் கதைகளில் நாலைந்து தனித்தனி வகை இருக்கிறது, ஒன்று பிடித்த பிள்ளைக்கு இன்னொன்று பிடிக்கும் என்று சொல்லவே முடியாது. அதனால் எது யாருக்கு ஒத்துவரும் என்று நான் பார்த்துப் புரிந்துகொண்டதை இங்கே எழுதுகிறேன்.

அதற்கு முன் ஒரு விஷயம். "படிக்க மாட்டேன்" என்று சொல்லும் பிள்ளைகள் எல்லாரும் ஒரே காரணத்துக்காகச் சொல்வதில்லை. சிலருக்கு எழுத்துக் கூட்டுவதே இன்னும் வேலையாக இருக்கிறது, ஒரு வரியின் முடிவுக்கு வருவதற்குள் அதன் தொடக்கம் மறந்துவிடுகிறது. சிலர் நன்றாகவே படிப்பார்கள், ஆனால் கையில் கிடைத்ததெல்லாம் அறிவுரைக் கதை, அதனால் புத்தகம் என்றாலே யாரோ திட்டப் போகிறார்கள் என்று தோன்றிவிட்டது. இன்னும் சிலர் தடித்த புத்தகத்தையும் இடைவெளி இல்லாத பக்கத்தையும் பார்த்தே மிரளுகிறார்கள், அதற்காகச் சின்னக் குழந்தைப் புத்தகத்தைக் கொடுத்தால் கூடப் படிக்கிறவர்கள் பார்த்துவிடுவார்களே என்ற கூச்சம். இந்த மூன்றில் உங்கள் வீட்டில் இருப்பது எது என்று தெரிந்தால் பாதித் தேர்வு முடிந்தது.

முதலில் டைரிக் கதைகள், ஏனென்றால் கடைசியில் நான் பெரும்பாலானவர்களுக்குச் சொல்லப் போவது இதைத்தான். பள்ளிக்கூடத்தில் படிக்கும் ஒரு பையனோ பெண்ணோ தன் நாட்குறிப்பைத் தானே எழுதுவது போல, கையெழுத்து மாதிரியான எழுத்தில், இரண்டு பத்திக்கு ஒருமுறை கோட்டோவியத்தோடு வரும் புத்தகங்கள். இந்த வடிவத்தை உலகம் முழுக்கக் கொண்டுபோனது ஜெஃப் கின்னியின் 'டைரி ஆஃப் எ விம்பி கிட்'. 2004-இல் இணையத்தில் தொடராக வந்து, 2007-இல் புத்தகமானது. கின்னி அதைப் பெரியவர்களுக்கான புத்தகமாக நினைத்துத்தான் எழுத ஆரம்பித்தார், இது பிள்ளைகளுக்கானது என்று பார்த்தவர்கள் பதிப்பகத்தார். எனக்கு இது முக்கியமான தகவலாகப் படுகிறது, ஏனென்றால் அந்தப் புத்தகத்தில் பிள்ளைகளைக் குனிந்து பார்த்துப் பேசும் குரல் எங்கேயும் கிடையாது. அப்படிப்பட்ட குரல் இருந்தால் ஒரு பக்கத்திலேயே மோப்பம் பிடித்துவிடுவார்கள்.

டைரிக் கதையின் சிரிப்பு எங்கே இருக்கிறது என்று கொஞ்சம் பக்கத்தில் போய்ப் பார்க்கலாம். 'நான் பயப்படவே இல்லை, நிதானமாக அறையை விட்டு வெளியே வந்தேன்' என்று ஒரு வரி இருப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். கீழே படத்தில் அந்தப் பையன் அலமாரி மேல் ஏறி உட்கார்ந்திருக்கிறான், ஒரு கால் செருப்பு கீழே கிடக்கிறது. எழுதியது ஒன்று, நடந்தது ஒன்று. சிரிப்பு இரண்டுக்கும் நடுவில் இருக்கிற இடைவெளியில் இருக்கிறது, அதைக் கண்டுபிடிக்க வேண்டியது படிக்கிற பிள்ளைதான், யாரும் விளக்கிச் சொல்வதில்லை. அக்கா மகன் என்னைக் கூப்பிட்டுக் காட்டியது இதைத்தான். கதை சொல்கிறவன் பொய் சொல்கிறான், அல்லது தன்னைப் பற்றியே தெரியாமல் பேசுகிறான் என்பதைப் புரிந்துகொள்வது சின்ன விஷயமில்லை. பெரிய நாவல்களைப் படிக்கும்போது நாம் செய்கிற வேலையே அதுதான், இங்கே படத்தின் துணையோடு பழக்கமாகிறது.

பெற்றோரிடமிருந்து வரும் புகார் ஒன்று உண்டு: கதாநாயகன் சோம்பேறி, சுயநலக்காரன், நண்பனைக் கைவிடுகிறான், இதைப் படித்துப் பிள்ளை கெட்டுப்போகாதா? பதினொரு வயதுப் பிள்ளைக்கு இந்தக் கவலை வேண்டாம் என்றே சொல்வேன். அவன் செய்வது தப்பு என்று தெரிந்தால்தான் சிரிப்பே வரும், தெரியாவிட்டால் அது வெறும் சம்பவம். ஏழு எட்டு வயதில் அந்த இடைவெளி சரியாகப் பிடிபடாது, அவர்கள் அவனை வீரனாகவே எடுத்துக்கொள்ள வாய்ப்பு இருக்கிறது. அண்ணனுக்கு வாங்கிய புத்தகத்தைத் தம்பி எடுத்துப் படிக்கும் வீடுகளில் மட்டும் கொஞ்சம் கவனிக்கலாம்.

இந்த வகையிலேயே ரேச்சல் ரெனே ரஸ்ஸலின் 'டார்க் டைரீஸ்' 2009-இல் வந்தது, ஒரு பெண்ணின் குரலில். லிஸ் பிஷனின் 'டாம் கேட்ஸ்' 2011-இல். இதில் ஒரு எச்சரிக்கை: டாம் கேட்ஸின் பக்கங்களில் வரிக்கு நடுவிலேயே சொற்கள் பெரிதாகும், வளையும், ஓவியமாக மாறும். சில பிள்ளைகளுக்கு அது கொண்டாட்டம். எழுத்துக் கூட்டவே சிரமப்படும் பிள்ளைக்கு அதே பக்கம் இரைச்சல் நிறைந்த அறை மாதிரி, எங்கே ஆரம்பிப்பது என்றே தெரியாது. அப்புறம், பெண் குரலில் இருப்பதைப் பெண் பிள்ளைக்கும் பையன் குரலில் இருப்பதைப் பையனுக்கும் என்று பிரித்து வாங்காதீர்கள். இரண்டையும் மேஜையில் வைத்துவிட்டு நீங்கள் எழுந்து போய்விடுங்கள், எது கலைந்திருக்கிறது என்று அப்புறம் வந்து பார்த்தால் போதும்.

அடுத்தது கிராஃபிக் நாவல், அதாவது முழுக்கக் கட்டம் கட்டமாகப் படத்திலேயே போகும் நீள்கதை. இதைப் பற்றிப் பெரியவர்களிடம் பேசினால் முதலில் வருவது "அது படிக்கிறதே இல்லையே, படம் பார்க்கிறதுதானே" என்பது. இந்தப் பேச்சு எனக்கு உண்மையிலேயே வருத்தம் தருகிறது, ஏனென்றால் இதைச் சொல்லித்தான் பல வீடுகளில் பிள்ளை தானாக எடுத்த ஒரே புத்தகத்தையும் பிடுங்கி வைக்கிறார்கள். 1922 முதல் கொடுத்துவரும் நியூபெரி பதக்கம் அமெரிக்கச் சிறுவர் இலக்கியத்தில் பெரிய மரியாதை. 2020-இல் அதை ஜெர்ரி கிராஃப்டின் 'நியூ கிட்' வாங்கியது, அந்தப் பதக்கம் வாங்கிய முதல் கிராஃபிக் நாவல். புதுப் பள்ளிக்கூடத்தில் ஏழாம் வகுப்பில் சேரும், படம் வரையப் பிடித்த ஒரு பையனின் கதை. பெயரை மாற்றிக் கூப்பிடும் ஆசிரியர், எங்கே உட்காருவது என்று தெரியாத மதிய வேளை என்று சிரிக்கச் சிரிக்கப் போய், நிறவேற்றுமை என்கிற கனமான விஷயத்துக்குள் நம்மை அறியாமலேயே கொண்டுபோய் விட்டுவிடும்.

எழுத்துக் கூட்டச் சிரமப்படும் பிள்ளைக்கு இந்த வகைதான் முதலில். காரணம் எளிது. இடம், நேரம், யார் எப்படி நிற்கிறார்கள், முகம் எப்படி இருக்கிறது, இந்த வேலையெல்லாம் படத்துக்குப் போய்விடுகிறது, பேச்சுக் குமிழிக்குள் ஐந்து சொல், பத்து சொல் மட்டும்தான். ஒரு சொல் புரியாவிட்டாலும் முகத்தைப் பார்த்து ஊகித்துக்கொள்ளலாம். இருநூறு பக்கத்துக்கு மேல் இருக்கும் புத்தகத்தை ஒரே மாலையில் முடித்துவிடலாம். "முடிச்சிட்டேன்" என்று அதுவரை ஒரு புத்தகத்தைப் பற்றியும் சொல்லியிராத பிள்ளைக்கு அந்தச் சொல் என்ன செய்யும் என்று நேரில் பார்த்தால்தான் தெரியும். நண்பரின் மகள் ஒருத்தி, பன்னிரண்டு வயது, ரெய்னா டெல்ஜ்மெயரின் 'ஸ்மைல்' படித்து முடித்த கையோடு திரும்ப முதல் பக்கத்துக்குப் போனாள். கீழே விழுந்து முன்பற்கள் இரண்டிலும் பலமாக அடிபட்ட தன் சொந்தக் கதையை டெல்ஜ்மெயர் 2010-இல் புத்தகமாக்கினார், பல் மருத்துவர், கம்பி, பள்ளிக்கூடத்தில் வாய் திறக்கத் தயக்கம் என்று வருடக்கணக்கில் நீளும் கதை. இரண்டாவது முறை அவள் கட்டங்களில் பின்னால் நிற்பவர்களின் முகங்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "இவ அப்பவே சிரிக்கிறா பாருங்க" என்று ஒரு தோழிப் பாத்திரத்தைக் காட்டினாள், எனக்கு அது கண்ணில் பட்டிருக்கவே இல்லை.

குறை என்னவென்றால் சீக்கிரம் தீர்ந்துவிடும். அடுத்தது கையில் இல்லாவிட்டால் வேகம் அங்கேயே நின்றுவிடும். இன்னொன்று, இவற்றில் வாய்விட்டுச் சிரிக்கும் இடங்கள் டைரிக் கதையைவிடக் குறைவு, மனதைத் தொடும் இடங்கள் அதிகம். வெறும் சிரிப்புக்காக வந்த பிள்ளை நடுவில் கொஞ்சம் ஏமாறலாம். காமிக்ஸ் பழக்கமே இல்லாத பிள்ளைக்கு எந்தக் கட்டத்துக்குப் பிறகு எந்தக் கட்டம் என்பதுகூட முதலில் குழம்பும், முதல் நான்கு பக்கம் கூட உட்கார்ந்து விரலால் வழி காட்டினால் போதும்.

மூன்றாவது வகை அதகளம். ஜட்டி, ஏப்பம், கழிப்பறை, பூதம், வெடிப்பு, பாதி எழுத்து, பாதி காமிக்ஸ். டேவ் பில்கியின் 'கேப்டன் அண்டர்பேன்ட்ஸ்' 1997-இல் வந்து இதற்கு ஒரு சிகரமானது. தாளை வேகமாக முன்னும் பின்னும் அசைத்தால் சண்டைக் காட்சி அசையும் பக்கங்கள்கூட உண்டு. பில்கிக்குச் சின்ன வயதில் ஓரிடத்தில் கவனம் நிற்காத ஏடிஹெச்டியும் எழுத்தைப் படிப்பதையே சிரமமாக்கும் டிஸ்லெக்சியாவும் இருந்தன, வகுப்பில் அடங்கி உட்கார முடியாமல் நடைவழியில் மேஜை போட்டு உட்கார வைக்கப்பட்ட பையன் அவர், அந்த மேஜையில் வரைந்ததுதான் இந்தப் பாத்திரம். பள்ளிகளிலிருந்தும் நூலகங்களிலிருந்தும் நீக்கச் சொல்லி அதிக எதிர்ப்பு வந்த புத்தகங்கள் என்று அமெரிக்க நூலகச் சங்கம் வருடா வருடம் வெளியிடும் பட்டியலில் 2012-இலும் 2013-இலும் இந்தத் தொடர் முதலிடம்.

எனக்கு இதில் ஆட்சேபம் ஒன்றும் இல்லை. பெரியவர்கள் முகம் சுளிக்கும் புத்தகம் என்பதே பிள்ளைக்கு ஒரு இழுப்பு. புத்தகம் தன் பக்கம் நிற்கிறது என்று முதல் தடவையாகத் தோன்றும். ஆனால் நம் கேள்வி ஆறு, ஏழு, எட்டாம் வகுப்புப் பிள்ளைகளைப் பற்றியது. இந்தக் கதையின் நாயகர்கள் இருவரும் நாலாம் வகுப்பு. பதிமூன்று வயதுப் பிள்ளைக்கு இதைக் கொடுத்தால் வீட்டுக்குள் ரசித்துவிட்டு வெளியே எடுத்துப் போகக் கூச்சப்படும், பிள்ளைகள் தங்களைவிட ஓரிரு வயது மூத்த நாயகனைத்தான் தேடுவார்கள், இளையவனை இல்லை. பத்து, பதினொன்று வரை தாராளமாகக் கொடுக்கலாம், அதற்கு மேல் வேறு பக்கம் போவது நல்லது.

நான்காவது வகையை யாரும் சொல்வதில்லை, எனக்கோ இதுதான் ரொம்பப் பிடித்தது. ஒரே இடம், அதே மனிதர்கள், ஆனால் ஒவ்வொரு அத்தியாயமும் நாலைந்து பக்கத்தில் முடிந்துவிடும் தனிக்கதை. லூயிஸ் சாக்கரின் 'சைட்வேஸ் ஸ்டோரீஸ் ஃப்ரம் வேசைட் ஸ்கூல்' 1978-இல் வந்தது. ஒரே மாடியில் பக்கத்துக்குப் பக்கம் முப்பது வகுப்பறை இருக்க வேண்டிய பள்ளியைத் தப்பாக முப்பது மாடியாக, மாடிக்கு ஒரு வகுப்பாகக் கட்டிவிட்டார்கள். புத்தகத்திலும் முப்பது அத்தியாயம். பத்தொன்பதாவது மாடியே கிடையாது, அதனால் பத்தொன்பதாவது அத்தியாயத்தில் அங்கே கதையும் கிடையாது என்று எழுதி மன்னிப்புக் கேட்டிருக்கிறார். ஒரு பள்ளியில் உதவியாளராக வேலை பார்த்த சாக்கர், அங்கே இருந்த பிள்ளைகளை மனதில் வைத்து எழுதியது இது.

இந்த வகையின் பலம் அளவில் இருக்கிறது. ஐந்து நிமிடத்துக்கு மேல் உட்காராத பிள்ளைக்கு ஐந்து நிமிடத்தில் முழுசாக ஒரு கதை கிடைக்கிறது, ஆரம்பம், குழப்பம், சிரிப்பு, முடிவு எல்லாம் சேர்த்து. நேற்று எங்கே விட்டோம், யார் யாருக்கு என்ன உறவு என்று நினைவுபடுத்திக்கொள்ளும் பாரம் இல்லை. நன்றாகப் படிக்கத் தெரிந்தும் பொறுமை இல்லாத பிள்ளைக்கு இதைவிடப் பொருத்தமான வடிவம் இருப்பதாக எனக்குத் தெரியவில்லை. ஆனால் இங்கே சிரிப்பு சொல்லிலும் தர்க்கத்திலும் இருக்கிறது, படம் கைகொடுக்காது. தலைகீழான நியாயத்தைப் பிடிக்க வரி முழுவதையும் சரியாகப் படித்தாக வேண்டும், அரைகுறையாகப் படித்தால் 'இதுல என்ன சிரிப்பு?' என்று மூடி வைத்துவிடுவார்கள். அதனால் எழுத்துக் கூட்டும் சிரமம் இருக்கும் பிள்ளைக்கு இதை முதலில் கொடுக்காதீர்கள், வேண்டுமானால் நீங்கள் வாசித்துக் காட்டுங்கள். சத்தமாக வாசிக்க ஏற்றது இந்த வகைதான்.

கடைசியாக, படம் குறைவாக, கதை முழுவதும் எழுத்திலேயே ஓடும் பள்ளிக்கூட நகைச்சுவை நாவல். கோர்டன் கோர்மன் தன் முதல் நாவலை ஏழாம் வகுப்பில் வகுப்பு வேலையாக எழுதினார், 1978-இல் அது புத்தகமானபோது அவருக்கு வயது பதினான்கு. விடுதிப் பள்ளியில் இரண்டு பையன்கள் செய்யும் அட்டகாசம்தான் கதை. இந்தத் தகவலைப் பிள்ளையிடம் சொல்லிவிட்டுக் கொடுத்துப் பாருங்கள், 'என் வயசுப் பையன் எழுதினதா?' என்று நிச்சயம் ஒருமுறை புரட்டும். நடிகர் ஹென்றி விங்க்லர், லின் ஆலிவரோடு சேர்ந்து 2003-இல் தொடங்கிய 'ஹேங்க் ஸிப்ஸர்' தொடர் வேறு காரணத்துக்காக முக்கியம். தனக்கு டிஸ்லெக்சியா இருப்பது விங்க்லருக்கு 31 வயதில்தான் தெரிந்தது. அதுவரை சோம்பேறி என்று பேர் வாங்கிய அனுபவத்தைத்தான் ஹேங்குக்குக் கொடுத்திருக்கிறார். படிக்க வராத பையன் நாயகனாக இருந்து, அவனைப் பார்த்துச் சிரிக்காமல் அவனோடு சேர்ந்து சிரிக்கும் கதை. ஆனாலும் படிக்கவே மறுக்கும் பிள்ளைக்கு முதல் புத்தகமாக முழு எழுத்து நாவலை நான் கொடுக்க மாட்டேன். இரண்டு மூன்று டைரிக் கதை முடிந்த பிறகு, அதுவும் அவர்களே "இதே மாதிரி பெருசா இருக்கா?" என்று கேட்ட பிறகு.

வயது ஒரு பக்கம், வாசிப்பு ஒரு பக்கம் என்று நிற்கும் பிள்ளைகளுக்கு ஒரு வழி இருக்கிறது. பதிமூன்று வயது, ஆனால் வாசிப்பு எட்டு வயது அளவில். இவர்களுக்கென்றே கதை வயதுக்கு ஏற்றதாகவும் மொழி எளிதாகவும் இருக்கும்படி புத்தகம் போடும் பதிப்பகங்கள் உண்டு. 1998-இல் எடின்பரோவில் தொடங்கிய பேரிங்டன் ஸ்டோக் அதில் பேர் பெற்றது. கண்ணை உறுத்தாத மங்கலான மஞ்சள் தாள், தாராளமான இடைவெளி, குறைந்த பக்கம், ஆனால் அட்டையைப் பார்த்தால் வழக்கமான நாவல் மாதிரியே இருக்கும். அட்டை அப்படி இருப்பது அந்த வயதில் எவ்வளவு பெரிய விஷயம் என்று கூச்சப்பட்ட பிள்ளையை வைத்திருப்பவர்களுக்குப் புரியும். ஒலிப்புத்தகத்தைப் பற்றியும் கேட்பார்கள். தனியாகக் கேட்பதைவிடப் புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொண்டு கூடவே கேட்பது நல்லது, ஆனால் டைரிக் கதைக்கும் காமிக்ஸுக்கும் அது சரிவராது, பாதிச் சிரிப்பு படத்தில் மாட்டிக்கொண்டிருக்கும்.

எந்த மொழியில் கொடுப்பது? பிள்ளை நண்பர்களோடு எந்த மொழியில் கிண்டல் அடிக்கிறதோ அந்த மொழியில். படிப்பு முன்னேறட்டும் என்று வேறு மொழியில் கொடுத்தால் சிரிப்பு மறுபடியும் பாடமாகிவிடும். மொழிபெயர்ப்பு என்றால் இன்னொன்றும் பார்க்க வேண்டும். படத்துக்கும் வரிக்கும் நடுவில் இருக்கும் சிரிப்பு எந்த மொழிக்கும் போகும். விம்பி கிட்டை 2015-இல் லத்தீனில்கூடக் கொண்டுவந்தார்கள், அங்கேயும் அது வேலை செய்யும், ஏனென்றால் சிரிப்பு நிலைமையில் இருக்கிறது. சிலேடையையும் ஓசை விளையாட்டையும் நம்பி நிற்கும் புத்தகங்கள் மொழி மாறும்போது பாதியை இழந்துவிடும். அதனால் மொழிபெயர்ப்பை வாங்கும்போது டைரியும் காமிக்ஸும் பாதுகாப்பானவை.

இப்போது கையில் புத்தகத்தை எடுத்துப் பார்க்கும்போது நான் செய்வது என்ன என்று சொல்கிறேன். முதல் மூன்று பக்கத்தைப் படிப்பேன். சிரிப்பு எங்கே வருகிறது? நாலாவது பக்கம் வரைக்கும் வரவில்லை என்றால், புத்தகம் எவ்வளவு நல்லதாக இருந்தாலும் இந்தப் பிள்ளைக்கு இப்போது வேண்டாம். அப்புறம் நடுவில் ஏதோ ஒரு பக்கத்தைத் திறந்து பிள்ளையையே படிக்கச் சொல்லுங்கள், தெரியாத சொல்லுக்கு ஒரு விரல் மடக்கச் சொல்லுங்கள். ஒரு பக்கத்துக்குள் ஐந்து விரலும் மடங்கிவிட்டால் அது கடினம், ஒன்றிரண்டு என்றால் சரி. இது பழைய முறைதான், துல்லியமானது என்று சொல்ல மாட்டேன், ஆனால் நின்ற இடத்திலேயே செய்துவிடலாம். பின்னட்டையில் 'ஒழுக்கம்', 'நற்பண்பு' போன்ற சொற்கள் இருந்தால் நான் திருப்பி வைத்துவிடுவேன். உள்ளே நல்ல கதை இருக்கலாம், ஆனால் அந்த அட்டையைத் தாண்டி அந்தப் பிள்ளை உள்ளே போகாது.

பாதியில் விடும் உரிமையையும் கொடுத்துவிடுங்கள். பிரெஞ்சு எழுத்தாளர் டானியல் பென்னாக் 1992-இல் வாசகரின் உரிமைகள் என்று பத்து எழுதினார், பக்கம் தாண்டிப் போகலாம், முடிக்காமல் விடலாம் என்பவை அதில் வருகின்றன. படிக்காமலேயே இருக்கும் உரிமைதான் முதலாவது. இருபது பக்கம் படித்துப் பார், பிடிக்கவில்லை என்றால் எழுந்து வேறு எடு, யாரும் ஒன்றும் கேட்க மாட்டோம் என்று சொல்லிவிட்டால் புதுப் புத்தகத்தைத் திறக்கும் பயமே குறைந்துவிடுகிறது. இந்த ஒன்றைச் சொன்ன பிறகுதான் அக்கா மகன் அவனைச் சிரிக்க வைத்த அந்தப் புத்தகத்தைக் கையில் வாங்கினான், அதற்கு முன் மூன்று புத்தகத்தைப் பதினைந்து, பன்னிரண்டு, எட்டு பக்கத்தில் விட்டிருந்தான்.

ஆக, யாரென்றே தெரியாத ஒரு பதினொரு, பன்னிரண்டு வயதுப் பிள்ளைக்கு ஒரே ஒரு புத்தகம் கொடுக்கச் சொன்னால் டைரிக் கதைதான் கொடுப்பேன். ஐந்து விரல் மடங்கும் பிள்ளை என்றால் கிராஃபிக் நாவல், அதில் தயங்க வேண்டாம். நன்றாகப் படித்து, உட்கார மட்டும் மறுக்கும் பிள்ளைக்கு மாடி மாடியாகப் போகும் குட்டிக் கதைகள். பத்து வயதுதான் ஆகிறது, வீட்டில் ஓயாமல் குதிக்கிறது என்றால் அந்த ஜட்டி வீரன். பதிமூன்று வயதில் எழுத்தோடு போராடிக்கொண்டு, அதை மறைக்கவும் செய்கிற பிள்ளைக்குப் பெரியவர்கள் நாவல் போல அட்டை போட்ட எளிய புத்தகம், அதையும் யாரும் இல்லாத நேரத்தில் கொடுங்கள்.

தொடராக வரும் புத்தகமாகப் பார்த்து எடுங்கள். முதல் புத்தகத்தில் மனிதர்களைத் தெரிந்துகொள்ளும் வேலை முடிந்துவிடும், இரண்டாவதில் நேராகச் சிரிப்புக்குள் போய்விடலாம். முதல் புத்தகம் முடிந்த அன்று "எப்படி இருந்தது, கதையைச் சொல்லு பார்ப்போம்" என்று கேட்காதீர்கள், கேட்டால் அது மறுபடியும் வீட்டுப்பாடம். முதல் புத்தகம் முக்கால்வாசி போனதும் இரண்டாவதை வாங்கி, பிள்ளை வழக்கமாக உட்காரும் இடத்துக்குப் பக்கத்தில், எதுவும் சொல்லாமல் வைத்துவிடுங்கள்.